அச்சைத் தாண்டிய கோடு

பி.யு.சி. கணக்குப் பரீட்சையை மறுபடி எழுதப் போனபோது பக்கத்து இருக்கையில் ஒருவர் இருந்தார். வாலாஜாபாத் அரிசி ஆலையில் இரவு வேலை. புருவமெல்லாம் தவிடு. புறங்கையால் கண்ணைத் தேய்த்தபடியேதான் பேசுவார்.

வெளியே வந்ததும், அடுக்குக்குறிச் சார்பின் வரைபடம் போட்டாரா என்று கேட்டேன்.

“ஒய் அச்சை ஒண்ணுல வெட்டும், எக்ஸ் அச்சுதான் தொலைத்தொடுகோடு, கோடு அதுங்கிட்ட போகும், தொடவே தொடாது. அதெல்லாம் எழுதிட்டேம்பா. கோடு வரைஞ்சிக்கினு இருக்கும்போதே தூங்கிட்டேன். பென்சில் எக்ஸ் அச்சையே தாண்டிப் போயிடுச்சு.”

“அழிச்சிருக்கலாமே?”

“மணி அடிச்சப்புறந்தாம்பா முழிச்சேன்.”

சிரிக்கக்கூடத் தெம்பில்லாமல் பஸ் ஏறிப் போனார்.

ரிசல்ட் வந்த அன்று பேப்பரில் என் எண் இருந்தது. அடுத்து அவருடையதும் இருந்தது. சொல்வதற்காகவே வாலாஜாபாத் போனேன். ஆலையில் நெல் மூட்டைகளின் மேல் வாய் பிளந்து தூங்கிக்கொண்டிருந்தார். எழுப்ப எனக்கு மனம் வரவில்லை.