ஆளில்லாத ஊர்களுக்கு ஓர் ஆள்

மழை நாட்களில் இங்கே ஆக்லாந்தில், த்ரீ கிங்ஸ் சூப்பர் மார்க்கெட்டில் உருளைக்கிழங்குப் பக்கம் போகாமலிருக்கப் பார்ப்பேன். கழுவாத கிழங்கை மண்ணோடு கொட்டி வைத்திருப்பார்கள். அந்த ஈர மண் வாசனை பட்டால் எனக்கு அயர்லாந்து ஞாபகம் வந்துவிடும். அயர்லாந்துக்கு நான் போனதே இல்லை. போகாத நாட்டை நினைத்துக்கொண்டு கூடையோடு வழியை மறித்து நிற்பதும், பின்னால் வருகிறவர்களிடம் சாரி சொல்வதும் ஒரு பிழைப்பா என்று நீங்கள் கேட்கலாம். மார்ட்கேஜ் கட்டவும் மணிக்கட்டுக்குத் தைலம் தேய்க்கவுமே எனக்கு இப்போது தெம்பு போதவில்லை. ஆனாலும் ஞாபகம் வந்துவிடுகிறது, என்ன செய்ய.

இந்த மணிக்கட்டு வலியும் அயர்லாந்து கொடுத்ததுதான். ஆக்லாந்துக்கு வந்த புதிதில் மவுண்ட் ரோஸ்கில்லில் ஒரு கார்பெட் கடைக்கு மேலே இருந்த சின்ன வரைபடக் கம்பெனியில் சேர்ந்தேன். அயர்லாந்தின் மேற்கே இருந்த ஒரு கிராமப்புற மாவட்டத்தின் பழைய வரைபடங்களை ஸ்கேன் செய்து அனுப்பியிருந்தார்கள். அவற்றின் எல்லைக் கோடுகள் மேல் மவுஸை இழுத்து இழுத்துக் கம்ப்யூட்டரில் ஏற்ற வேண்டும். அந்த மாவட்டத்தைக் கலைத்தே நூறு வருஷத்தை நெருங்கிக்கொண்டிருந்தது. இல்லாத மாவட்டத்துக்கு எல்லை போட்டுக் கொடுத்தால் எனக்கு விசா. இந்த ஏற்பாட்டைச் சேலத்திலிருந்த அம்மாவுக்கு போனில் விளக்கப் பார்த்துப் பாதியிலேயே விட்டுவிட்டேன்.

பக்கத்து மேஜை சிவநேசன் அண்ணனுடையது. யாழ்ப்பாணத்துக்காரர். ரானுயியிலிருந்து ரயிலும் பஸ்ஸும் மாறி வந்து சேர்வதற்குள்ளேயே களைத்துப்போயிருப்பார். மனைவியும் மகனும் கொழும்பில் ஒரு வாடகை அறையில் இருந்தார்கள். அவர்களை இங்கே கூப்பிட ரெசிடென்சி வேண்டும், ரெசிடென்சிக்கு இந்த வேலை வேண்டும். மத்தியானம், பாண் என்று அவர் சொல்லும் ரொட்டியும் சம்பலும் சாப்பிட்டபடி மகனோடு போனில் கதைப்பார். சீக்கிரம் பிளேன் ஏறிவிடலாமா என்றுதான் பையன் தினமும் கேட்பான் போலிருக்கிறது. இவர் தினமும் ஓம், ஓம் என்று ஆமாம் போடுவார்.

அந்த மாவட்டம் பாதி சதுப்பு. அந்தச் சேற்றையே கட்டி கட்டியாக வெட்டிக் காயவைத்து அடுப்பெரிப்பார்களாம். மிச்சமெல்லாம் கல் மேடு, நடுநடுவே சின்ன ஏரிகள். சந்தை ஊர் ஒன்றே ஒன்று. மாவட்ட ஆபீஸும் அங்கேதான், பஞ்சத்தில் வந்தவர்களை அடைத்து வைத்த ஏழை விடுதியும் அங்கேதான். மாவட்டத்துக்குள் நூற்றுக்கணக்கான டவுன்லேண்டுகள். பெயரில் டவுன் இருக்கிறதே என்று ஏமாந்துவிடாதீர்கள், ஐந்தாறு வீடும் நாலு வயலும் ஒரு ஓடையும் இருந்தாலே அது ஒரு டவுன்லேண்ட். ஆனால் ஒவ்வொன்றுக்கும் தனிப் பெயர் உண்டு. மேட்டை வைத்து, ஓக் தோப்பை வைத்து, எப்போதோ அங்கே குடியிருந்த ஒருவனை வைத்து. நான் அதிசயப்பட்டேன், அண்ணன் படவில்லை. அவர்கள் ஊரில் ஒவ்வொரு காணித் துண்டுக்கும் உறுதிப் பத்திரத்தில் ஒரு பெயர் இருக்குமாம். எங்கள் பக்கம் சர்வே நம்பர்தான் என்று சொன்னதும் என்னைப் பரிதாபமாகப் பார்த்தார்.

1840களில் உருளைக்கிழங்குப் பயிரே அழுகிப் பஞ்சம் வந்த வருஷங்களுக்குப் பிறகு அங்கே குடிக்கணக்கு இறங்கிக்கொண்டே வருகிறது. செத்தவர்கள் போக மிஞ்சியவர்கள் கப்பலேறினார்கள். ஒரு வரைபடத்தில் கறுப்புப் புள்ளிகளாகத் தெரியும் வீடுகள் அடுத்த வரைபடத்தில் இருக்காது. எல்லைகளோடு நாங்கள் ஏற்ற வேண்டியிருந்த பழைய கணக்கெடுப்பில் அந்தப் பெயருக்கு எதிரே பூஜ்யம் போட்டிருக்கும். எங்கள் சாப்ட்வேருக்கோ பூஜ்யம் ஆகாது. ஆளில்லாத டவுன்லேண்டைப் பிழை என்று எடுத்துக்கொண்டு, பக்கத்து டவுன்லேண்டோடு சேர்த்துப் பெயரையும் அழித்துவிடும். மேலாளர் அது அப்படியே இருக்கட்டும் என்று சொல்லியிருந்தார்.

கூட்டல் சரிபார்ப்பது என் பொறுப்பு. ஒரு வியாழக்கிழமை பார்க்கிறேன், அண்ணன் ஏற்றிய பகுதியில் அச்சடித்த கணக்கைவிட ஆட்கள் கூடுதல். களைப்பில் எண்ணை மாற்றித் தட்டியிருப்பார் என்று தேடினேன். பூஜ்யம் இருக்க வேண்டிய இடத்திலெல்லாம் ஒன்று இருந்தது. ஒன்று விடாமல், ஆளற்ற ஒவ்வொரு டவுன்லேண்டிலும் ஓர் ஆளைக் குடிவைத்திருந்தார். நாற்காலியை அவர் பக்கம் நகர்த்தி, இது என்ன என்று மெதுவாகக் கேட்டேன்.

"ஓம், நான்தான் போட்டனான். ஆள் இல்லையெண்டா ஊரையே அழிச்சுப் போடுது. ஒராளாவது இருக்கட்டும் தங்கச்சி."

அவருடைய ஊரும் ராணுவ வேலிக்குள் போன ஊர் என்று எனக்குத் தெரியும். ஒரு காலைப்பொழுதில் எல்லோரையும் கிளப்பி அனுப்பியிருந்தார்கள். அங்கேயும் இருபது வருஷமாகக் குடிக்கணக்கு பூஜ்யம்தான். தெரிந்தும் எனக்குக் கோபம்தான் வந்தது. மறுநாள் மேலாளர் பார்ப்பார். கணக்கில் பொய் எண் போட்டவரை எந்தக் கம்பெனி வைத்துக்கொள்ளும், எந்த விசா ஆபீஸ் மன்னிக்கும்?

"அண்ணே, கொழும்புல உங்க பையன் பெட்டி கட்டி வச்சிட்டு உக்காந்திருக்கான். மாத்திடுங்க."

அவர் கண்ணாடியைக் கழற்றிச் சட்டையில் துடைத்தார், திரும்ப மாட்டிக்கொண்டார். பிறகு முதல் டவுன்லேண்டைத் திறந்து, பெயரை வாய்க்குள் வாசித்து, ஒன்றை எடுத்துவிட்டுப் பூஜ்யத்தைப் போட்டார். அடுத்ததைத் திறந்தார். இழவு வீட்டில் உட்கார்ந்திருப்பதுபோல இருந்தது எனக்கு. அவர் முடித்ததும் நான் சாப்ட்வேரை ஓட்டினேன். ஒரு டீ போட்டுக்கொண்டு வருவதற்குள் அந்தப் பெயர்களெல்லாம் அழிந்து வேலை முடிந்துவிட்டது. கூட்டல் சரியாக வந்தது.

மேலாளர் நல்ல மனிதர். மறுநாள் எங்களுக்குக் கேக் வாங்கி வந்தார். எனக்கு விசா வந்தது, அண்ணனுக்கும் வந்தது. மனைவியும் மகனும் வந்து சேர்ந்த நாளில் ஏர்போர்ட்டுக்கு நானும் போயிருந்தேன். அப்பாவின் கையை விடாமல் தமிழில் ஓயாமல் பேசிக்கொண்டு வந்த பையன் அவன். இப்போது அப்பா எது கேட்டாலும் இங்கிலீஷில் ஒரு வரி சொல்கிறான். கம்பெனி மூடிவிட்டது, கார்பெட் கடையும் போய்விட்டது. அந்த மாவட்ட வரைபடம் சில காலம் இணையத்தில் இருந்தது. பிறகு தேடியபோது பக்கமே திறக்கவில்லை.

சில வருஷங்கள் கழித்து ஒரு சாயங்காலம் அண்ணன் யாழ்ப்பாணத்திலிருந்து கூப்பிட்டார். அவர்கள் ஊர்ப் பக்கத்து நிலத்தை ராணுவம் விட்டுவிட்டதாம், பார்க்கப் போயிருக்கிறார். வீடுகளை இடித்து நிரவியிருக்கிறார்களாம். காற்றுச் சத்தத்தில் குரல் விட்டு விட்டுக் கேட்டது. அழுகிறாரோ என்று பயந்தேன், அழவில்லை.

"தங்கச்சி, எங்கட ஊருக்குள்ளதான் நிக்கிறன். போன் மேப்பில பார்த்தா ஊரின்ர பேரைக் காணேல்லை. பக்கத்து ஊரின்ர பேர்தான் கிடக்கு."

அது எப்படி நடந்திருக்கும் என்று அவர் என்னிடம் கேட்கவில்லை. கேட்டுத் தெரிந்துகொள்ள வேண்டிய நிலையில் நாங்கள் இருவருமே இல்லை.