ஜமீந்தார் வீட்டுக் கோலம்

என் மாமாவைப் பிற்காலத்தில் கலை இயக்குநர் என்று மரியாதையாகச் சொன்னார்கள். அவர் தொழிலில் இறங்கிய நாட்களில் அதற்குப் பெயரே கிடையாது. பயாஸ்கோப்புக்கு வீடு கட்டுகிறவர், அவ்வளவுதான். எங்கள் வீட்டில் அதுகூடத் தெரியாது. மாமா தினமும் கோட்டு மாட்டிக்கொண்டு கிடர்பூரில் கப்பல் கம்பெனி ஆபீசுக்குப் போவதாகத்தான் அம்மா அக்கம்பக்கத்தில் பெருமையடித்துக்கொண்டிருந்தாள்.

அந்த வேலையை வாங்கிக் கொடுத்தவர் அப்பா. அதற்கு முன் இரண்டு ஆபீஸ்களில் மாமா காகிதங்களின் ஓரமெல்லாம் தூணும் வளைவுமாக வரைந்து தள்ளி, வீட்டுக்கு அனுப்பப்பட்டிருந்தார். மூன்றாவதும் போனால் மறுநாளே மதராஸ் மெயிலில் ஊருக்கு ஏற்றிவிடுவேன் என்று அப்பா சொல்லியிருந்தார். அப்பா ஒன்றைச் சொன்னால் சொன்னதுதான். மாமாவோ மூன்று மாதம் முன்பே அந்த ஆபீசுக்கும் கும்பிடு போட்டுவிட்டு, டாலிகஞ்ச் பக்கம் மூங்கிலிலும் துணியிலும் மாளிகை எழுப்பிக்கொண்டிருந்தார். ஒரு ஞாயிற்றுக்கிழமை என் தயவு தேவைப்பட்டதால் எனக்கு மட்டும் விஷயத்தைச் சொன்னார்.

மறுநாள் ஜமீந்தார் வீட்டுக் கல்யாணக் காட்சி. முற்றத்தில் ஆல்பனா போட்டு வைக்கச் சொல்லிவிட்டு, டைரக்டர் பாபு பல்லக்கு இரவல் வாங்கப் போய்விட்டாராம். வங்காளிகள் அரிசி மாவைக் கரைத்து, விரலால் பூவும் கொடியுமாக இழுப்பதுதான் ஆல்பனா. ஊரிலிருந்து வந்து இரண்டு வருஷம்கூட ஆகாத மாமா அதையெல்லாம் எங்கே கவனித்தார்? கல்யாண வீடு, தரை, அரிசி மாவு என்றால் கோலம்தானே என்று முடிவு கட்டிவிட்டார். கோலம் அவருக்கு வராது. எட்டு வயதில் எனக்கு வரும், அல்லது வரும் என்று நான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

மிருகக்காட்சிசாலைக்குப் போகிறோம் என்று அம்மாவிடம் புளுகிவிட்டு, டிபன் டப்பா நிறைய அவளுடைய அரிசி மாவையே எடுத்துக்கொண்டு கிளம்பினோம். அந்த மாளிகையைப் பார்த்து எனக்கு வாய் அடைத்துப்போயிற்று. சலவைக்கல் தூண் ஒன்றில் சாய்ந்தேன். அது ஒரு முழம் உள்ளே போயிற்று. மாமா பதறி ஓடி வந்து தூணைத்தான் முதலில் தடவிப் பார்த்தார். நான் குந்தி உட்கார்ந்து பதினைந்து புள்ளி, பதினைந்து வரிசை வைத்து இழுத்தேன். இடது மூலையில் இரண்டு சுழி சேர மாட்டேன் என்று அடம்பிடிக்கும். வழக்கம்போல் ஒரு கோட்டைக் குறுக்கே இழுத்து மழுப்பினேன். டைரக்டர் பாபு திரும்பி வந்து இத்தனை புள்ளி எதற்கு என்று கேட்டார். பெரிய ஜமீந்தார்கள் வீட்டில் இப்படித்தான் என்று மாமா அரைகுறை வங்காளத்தில் சாதித்துவிட்டார். புலி எப்படி இருந்தது என்று சாயங்காலம் அம்மா கேட்டாள். தூங்கிக்கொண்டிருந்தது என்றேன்.

படம் வந்தது. கீழ்வீட்டு பௌதி, அதாவது அந்த வங்காளி அண்ணி, பகல் காட்சிக்கு அம்மாவையும் என்னையும் கூப்பிட்டாள். ஒருநாளும் பயாஸ்கோப் பார்க்காத அப்பா, தானும் வருவதாகச் சொன்னார். மாமாவுக்குத் திடீரென்று தலைவலி வந்தது. அப்பா விடவில்லை, கூட்டிக்கொண்டுதான் போனார்.

திரையில் கல்யாண முற்றம் வந்தது. அதன் நடுவில் என் கோலம், மழுப்பின மூலையோடு. என்ன அநியாயம், ஜமீந்தார் வீட்டில் போய்ப் புள்ளி வைத்திருக்கிறார்களே என்று பௌதி விழுந்து விழுந்து சிரித்தாள். அம்மா சிரிக்கவில்லை. இருட்டிலேயே என் தொடையைத் தேடிப் பிடித்துக் கிள்ளினாள். மாமா மெயிலில் ஏறுவதும் நான் ஹௌரா ஸ்டேஷனில் நின்று அழுவதும் என் கண்முன் வந்துவிட்டது. அப்பா மட்டும் திரையைவிட்டுக் கண்ணை எடுக்கவில்லை.

மறுநாள் காலை சமையலறையில் அம்மா மாமாவிடம் மெல்லச் சொன்னாள்.

"இந்த ஊர்ல புள்ளி வெக்க மாட்டாடா. அடுத்த தடவை பௌதியைக் கேட்டுண்டு போ."

"அத்திம்பேருக்கு..."

"நான் சொல்ல மாட்டேன்."

அப்பா, மாமா, நான் மூவரும் வழக்கம்போல் டிராம் நிற்கும் இடம் வரை நடந்தோம். என் பள்ளிக்கூடமும் அந்தப் பக்கம்தான். கிடர்பூர் வண்டிக்கு முன்னால் டாலிகஞ்ச் போகும் வண்டி வந்தது. மாமா அதைப் பார்க்காதவர்போல் வேறு எங்கோ பார்த்துக்கொண்டு நின்றார்.

"ஏறுடா," என்றார் அப்பா. "வெயில் இருக்கறச்சயே போய்ச் சேரு."

மாமா அப்பாவையே ஒரு கணம் பார்த்தார். பிறகு கண்ணைத் துடைத்துக்கொண்டு ஓடிப்போய் ஏறினார்.

அந்நாளில் படம் பிடிக்கச் சூரியனை விட்டால் வேறு விளக்கு கிடையாது. கப்பல் கம்பெனிக் குமாஸ்தாவுக்கோ வெயிலால் ஆக வேண்டியது ஒன்றுமில்லை. இதெல்லாம் அப்போது எனக்கு உறைக்கவில்லை. பாவம் அப்பா, எந்த டிராம் எங்கே போகிறது என்றுகூடத் தெரியாமல் மாமாவைச் சரியான வண்டியிலேயே ஏற்றிவிட்டாரே என்று, பள்ளிக்கூடம் போகும் வழியெல்லாம் சிரிப்பை அடக்கிக்கொண்டு அவர் கையைப் பிடித்து நடந்தேன்.