ஒன்பதுக்கு ஏழு

யார் எதைச் சொன்னாலும் அப்பா உடனே கேட்பது ஒன்றுதான்: "எத்தனைக்கு எத்தனை?" அம்மா ஒரு தடவை, "கல்யாணம் ஆனதிலேர்ந்து நான் சொன்னத நீங்க கேட்டது நூத்துக்கு ரெண்டு" என்றாள். "பரவாயில்லையே, நான் ஒண்ணுன்னு நெனச்சேன்" என்றார்.

அப்பா தையல்காரர். எங்கள் தெருவின் கால்பந்து அணிக்குப் பயிற்சியாளரும் அவர்தான், சட்டை தைப்பவரும் அவர்தான். யார் எத்தனை பெனால்டி உதைத்தார், எத்தனை கோல் ஆனது என்பதைத் துணியில் கோடு போடும் சாக்குக்கட்டியால் கடைச் சுவரில் எழுதிவைப்பார். சுவர் கைக்கெட்டாதபோது மேசையில் கிடக்கும் துணியில் எழுதுவார். ஒரு வங்கி மேலாளர் தன் கால்சட்டையின் பின்புறத்தில் '15க்கு 11' என்றிருந்தது தெரியாமல் ஒரு நாள் முழுக்க வேலை பார்த்திருக்கிறார்.

அந்தப் பதினொன்று எங்கள் அணியில் ஆடும் குழாய் ரிப்பேர்க்காரருடையது. என் அக்காவுக்கு ஒன்பதுக்கு ஏழு. பதினான்கு வருடமாகக் கோப்பையைக் கண்ணால் பார்க்காத அணி இறுதி ஆட்டத்துக்கு வந்திருந்தது. பெனால்டி கிடைத்தால் யார் உதைப்பது என்று அப்பா முதல் நாளே முடிவு செய்தாக வேண்டும். அக்கா ஒரு வாரமாகத் தூங்கவில்லை.

"பதினொண்ணு பெருசா, ஏழு பெருசா? இதுல என்ன யோசனை?" என்றார் அப்பா.

"அவரு நாலு தடவ கோட்டை விட்டாருப்பா. நான் ரெண்டே ரெண்டு!"

"அதிகமா ஒதச்சா அதிகமாத்தான் தப்பும்."

எங்கள் வீட்டில் கல்லூரிக்குப் போன முதல் ஆள் நான். நாவு சும்மா இருக்குமா? "ரெண்டையும் நாப்பத்தஞ்சுக்கு மாத்துங்கப்பா. அக்காவுக்கு முப்பத்தஞ்சு, அவருக்கு முப்பத்திமூணு. அக்காதான் மேல."

"டேய் பட்டதாரி, யாருடா நாப்பத்தஞ்சு பெனால்டி ஒதச்சது? நம்ம தெருவுக்கு அத்தன பெனால்டி கெடச்சிருந்தா, கோப்பையில செடி வளத்திருப்போமே!"

எதையும் அளந்து பார்த்தால்தான் அவர் நம்புவார். ஒரே நீளத்தில் இரண்டு வெள்ளை நாடா வெட்டினார். ஒன்றை ஒன்பதாக மடித்து ஏழாவது மடிப்பில் கோடு போட்டார். மற்றதைப் பதினைந்தாக மடித்துப் பதினொன்றாவதில். அக்காவின் நாடாவை மேசை விளிம்பில் ஊசியால் குத்தி, விறைப்பாக இழுத்து, கோடு வந்த இடத்தை மேசையில் குறித்தார். அடுத்து அதே ஊசியில் குழாய்க்காரரின் நாடா. அவர் கோடு இரண்டு விரற்கடை தாண்டி நின்றது.

"பாத்தியா? நாடா பொய் சொல்லாது."

என் கணக்கின் மேல் எனக்கே சந்தேகம் வந்துவிட்டது. நாடாவைத் தொட்டுப் பார்க்கக்கூடத் தோன்றவில்லை.

மறுநாள் கடைசி நிமிடத்தில் பெனால்டி கிடைத்தது. குழாய்க்காரர் உதைத்த பந்து கோல் கம்பத்துக்கு மேலே போய், எதிர்வீட்டு மாடித் தண்ணீர்க் குழாயை உடைத்தது. கோப்பை போனது. குழாயை அவரே சரி செய்து கொடுத்தார்.

திங்கட்கிழமை அப்பா குழாய்க்காரரின் நாடாவை எடுத்துச் சுருட்டப் போனார். இழுத்தார், விட்டார். அது பட்டென்று அவர் மூக்கில் அடித்தது. இடுப்புப் பட்டிக்கு வைக்கும் எலாஸ்டிக்!

மூக்கைத் தடவிக்கொண்டே சுவரில் எழுதினார்: 'மூத்தவளுக்கு ஒரு பெனால்டி பாக்கி.'

"வாங்காம விடமாட்டேன்" என்றாள் அக்கா.

அடுத்த வருடம் முதல் ஆட்டத்திலேயே மண்ணைக் கவ்வினோம். அதற்கடுத்த வருடம் நடுவர் எங்களுக்கு ஒரு பெனால்டியும் தரவில்லை. மூன்றாம் வருடம் மைதானத்தில் லாரிகளை நிறுத்தத் தொடங்கினார்கள். போன வருடம் அப்பாவும் போய்விட்டார்.

கடைக்கு வெள்ளையடிக்க வந்தவர்களை அந்தச் சுவர்ப் பக்கம் அக்கா நெருங்க விடவில்லை. அவள் கணக்கு இன்னும் ஒன்பதுக்கு ஏழிலேயே நிற்கிறது. பத்தாவது உதை பாக்கி.