கட்டிலின் செவுத்தோரம்

சிரிக்கிறதுன்னா இப்பவே சிரிச்சிடுங்க. பிளஸ் டூவுக்கு பிசிக்ஸ் எடுக்கிறவ நான், பேய் பிசாசுன்னு பேசின பசங்கள முட்டி போட வச்சிருக்கேன்.

2010ல எங்க வீட்டுக்காரருக்கு ஈரல் கெட்டுப்போச்சு. சிப்காட் வேலைய விட்டுட்டு சிதம்பரத்துல வீட்டோட படுத்துட்டாரு. உடம்பெல்லாம் எரியுதுடின்னு துடிப்பாரு, அவருக்காகத்தான் ஏசி மாட்டினோம். பதினெட்டுல வையின்னுவாரு. எனக்குக் குளிர் ஆகாது, பக்கத்துலயே படுக்கவும் வேணும், அதனால அவரு கண்ணசந்ததும் இருபத்தாறுக்கு ஏத்திடுவேன். முழிச்சா செவுத்துப் பக்கம் திரும்பிக்குவாரு. உசுரு போன அன்னிக்கும் அப்படித்தான், இருபத்தாறுல ஓடிட்டிருந்துச்சு. நான் பண்ணது பாவந்தான், அத நெனச்சா இன்னும் சோறு எறங்கல.

அடுத்த வருஷம் கத்திரி வெயில்ல ஏசிய போட்டா கூலிங்கே இல்ல. மாட்டிக்குடுத்த மெக்கானிக் ரபீக் பாயவே கூப்பிட்டேன். ஞாயித்துக்கிழமை மத்தியானம் வந்தாரு. ஃபில்டரக் கழுவினாரு, கேஸ் பாத்தாரு, வெளி யூனிட்டுல தண்ணி அடிச்சாரு, லோ வோல்டேஜோன்னு ஸ்டெபிலைசரயும் பாத்தாரு. எல்லாம் சரியா இருக்கு. மெஷின்ல வர்ற காத்துல தெர்மாமீட்டர் வச்சா பன்னெண்டு டிகிரி, ரூமுக்குள்ள முப்பத்தஞ்சு. சூடு எங்கேருந்து வருதுன்னு மூலை மூலையா வச்சுப் பாத்துக்கிட்டே வந்தவரு, கட்டில்கிட்ட நின்னு மெத்தையில கை வச்சாரு. சட்டுனு எடுத்துட்டாரு.

"டீச்சர், இங்க யாரு படுத்திருந்தாங்க?"

"யாருமில்ல பாய். நான் மட்டுந்தான், அதுவும் இந்தப் பக்கம்."

அவரு ஸ்பேனரப் பையில போட்டுக்கிட்டுக் கெளம்பிட்டாரு. நான் கை வச்சுப் பாத்தேன். நம்பினா நம்புங்க, செவுத்தோரமா ஒரு ஆள் நீளத்துக்கு ஜுரக்காரங்க உடம்பு மாதிரி சுட்டுச்சு. பயம் வரல, அழுகதான் வந்துச்சு.

ஒரு மாசம் ராப்பகலா பதினெட்டுலயே ஓடவிட்டேன், சூடு கொறையல. மெத்தைய மாத்தியும் பாத்தாச்சு. கடைசியில மனசு விட்டுப்போயி, கடலூர்ல இருக்கிற தம்பிகிட்ட ஏசியக் கழட்டிக் குடுத்துட்டேன். அங்க முதல் நாளே போர்வை கேட்டுதாம் பிள்ளைங்க.

நேத்து மார்கழிக் குளிருக்குக் கம்பளி போத்திக்கிட்டுப் படுத்திருந்தேன், செவுத்தோரம் கை பட்டுச்சு. அதே சூடு. பதினெட்டுல வைக்கிறேங்கன்னு வாய் தானா சொல்லிடுச்சு. எழுந்து பாத்தா, ஏசி இருந்த எடத்துல செவுத்துல ஓட்டைதான் இருக்கு.