பதினோரு வயதுக்கு பிரஷர்

இன்று மரக்காணம் பக்கம் ஒரு பள்ளிக்கூடத்தில் மருத்துவ முகாம். பிள்ளைகளுக்கு பி.பி. பார்க்கும் வேலை எனக்கு.

ஆறாம் வகுப்புப் பெண் ஒருத்திக்கு 146 காட்டியது. மெஷின் கெட்டுவிட்டது என்று நினைத்து என் கையிலேயே பட்டையைச் சுற்றிப் பார்த்தேன். சரியாகத்தான் இருந்தது.

அவளைக் கொஞ்ச நேரம் உட்காரவைத்து, சின்னப் பிள்ளைகளுக்கான பட்டையைச் சுற்றி மறுபடி பார்த்தேன். 144.

"காலையில என்னம்மா சாப்ட்ட?"

"சிப்ஸு, மிஸ்."

"நேத்து ராத்திரி?"

"சோறும் ஊறுகாயும். அப்புறம் சிப்ஸு."

அம்மாவை வரச் சொன்னோம். உப்பளத்திலிருந்து கால்கூடக் கழுவாமல் ஓடி வந்தார்.

"விடியறதுக்குள்ள சோறு, கொழம்பு எல்லாம் செஞ்சி வெச்சிட்டுத்தான் போறேன் சிஸ்டர். தொடவே மாட்டேங்குது. நாளெல்லாம் உப்புல நிக்கிற எனக்கே பிரஷர் இல்ல. இதுக்கு எங்கருந்து வரும்?"

"ஒரு நாள் பார்த்து முடிவு பண்ண முடியாதும்மா. கிட்னியும் பாக்கணும். நாளைக்கே பெரியாஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போங்க. சிப்ஸ் பாக்கெட்டை இன்னையோட நிறுத்துங்க."

அவர் மகளின் கையை இறுகப் பிடித்துக்கொண்டார்.

அடுத்து வந்த பையனுக்கு 138. அவனுக்குப் பின்னால் வரிசை வாசல்வரை நின்றது. பாதிப் பேர் கையில் பாக்கெட். மூன்றாவது பிள்ளைக்குப் பட்டையைச் சுற்றும் முன்பே, காலையில் என்ன சாப்பிட்டாய் என்று கேட்டுவிட்டேன்.

உங்கள் வீட்டுப் பிள்ளைக்குக் கடைசியாக எப்போது பி.பி. பார்த்தீர்கள்?

'சின்னப் பிள்ளைக்கு எதுக்கு சிஸ்டர்' என்று மட்டும் கமெண்ட் போடாதீர்கள். இன்று காலை முகாமுக்குக் கிளம்பும்போது நானும் அதையேதான் சொன்னேன்.