ஒன்பதாம் பகுதியில் அவள் சொல்லாதது

அம்மாவிடம் நேரே சொல்லப் பயந்துதான் அவருக்கு ஒரு மலாய்த் தொடர்நாடகத்தைக் காட்டத் தொடங்கினேன்.

டென்மார்க்கின் ஓல்போர்க்கில் பொறியியல் படித்தபோது அவனைச் சந்தித்தேன். மலேசியாவின் ஜொகூரில் பிறந்த மலாய்க்காரன், முஸ்லிம். இரண்டு வருடங்களாக விரும்புகிறோம். சாமிப்படத்துக்குப் பூ வைக்காமல் வேலைக்கு வெளிக்கிடாத அம்மாவிடம் இதை எப்படிச் சொல்வது? மென்பொருளைச் சோதிப்பது என் தொழில். வெளியே விடுமுன் சின்னதாக ஓட்டிப் பார்ப்போம். அம்மாவையும் அப்படிச் சோதிக்கலாம் என்று நினைத்தேன்.

ஞாயிறுதோறும் ரயிலில் அம்மா இருக்கும் வைலேக்குப் போவேன். சாப்பிட்ட பிறகு ஒரு பகுதி பார்ப்போம். பணக்கார வீட்டுப் பெண் ஒருத்தி, மோட்டார் சைக்கிள் பந்தயம் ஓடும் ஒருவனை விரும்புகிறாள், தாய்க்குத் தெரியாது. திரையின் அடியில் எழுத்துகள் ஆங்கிலத்தில் ஓடும். அம்மாவுக்கு டெனிஷ் வாசிக்க வரும், ஆங்கிலம் வராது. ஒவ்வொரு வசனத்தையும் நான் தமிழில் சொல்வேன். அம்மா பார்க்காத நேரம் கைபேசியில் குறித்துக்கொள்வேன்:

மதில் ஏறிக் குதித்தாள் – சிரித்தார்.
அவன் பின்னால் ஏறினாள் – “ஹெல்மெட் எங்க?”
தாயிடம் பொய் சொன்னாள் – முறுக்குக் கடிப்பதை நிறுத்தினார்.

மூன்றாவதைக் குறித்த அன்று எனக்கு நித்திரை வரவில்லை.

ஒன்பதாம் பகுதியில் அந்தப் பெண் குசினியில், அடுப்பருகே, தாயின் முன்னால் நின்று அழுதாள். அவனைத்தான் கட்டுவேன் என்றாள். நான் அதைத் தமிழில் சொல்லவில்லை.

“என்னவாம்?” என்றார் அம்மா.

“சோதினையில பெயிலாம்.”

திரையில் தாய் அவளின் கன்னத்தில் அறைந்தாள்.

“உதுக்கே அடிக்கிறா? அங்கயும் எங்கட சனம்தான் போல.”

நான் சிரித்தேன். அம்மா சிரிக்கவில்லை.

“எட்டுப் பகுதியா உந்தப் பெடியனோட திரிஞ்சவள், சோதினைக்கோ அழுறாள்? நான் மறதி வருத்தக்காரரோட வேலை செய்யிறனான், பிள்ளை. கதைக்க ஏலாத ஆக்களின்ர முகத்தையே வாசிக்கிறன். திருப்பிப் போடு.”

திருப்பிப் போட்டேன். திரையைப் பார்த்தபடியே சொன்னேன்.

“நான் அவனைத்தான் கட்டுவன், அம்மா. நீங்கள் என்னை விட்டாலும் நான் உங்களை விடமாட்டன்.”

அம்மா ரிமோட்டை வாங்கிப் படத்தை நிறுத்தினார்.

“கடைசியாச் சொன்னது அவளில்லை. அவள் அதுக்கு முதலே வாயை மூடிட்டாள்.”

“ஓம்.”

“அப்ப ஆர் சொன்னது?”

“நான்.”

அம்மா என் பக்கம் திரும்பினார்.

“தமிழ்ப் பெடியனோ?”

“இல்லை.”

“டெனிஷ்காரனோ?”

“இல்லை, அம்மா.”

அம்மா திரையைப் பார்த்தார். தலைக்கு முக்காடிட்ட அந்தத் தாயின் கை காற்றில் நின்றது.

“இவையின்ர ஆக்களோ?”

தலையாட்டினேன். அம்மா சாமிப்படத்தின் பக்கம் திரும்பினார். திட்டினால் என்ன சொல்வது என்று யோசித்து வைத்திருந்தேன். அம்மா திட்டவில்லை.

பிறகு ரிமோட்டை என் பக்கம் நீட்டினார்.

“அடுத்ததைப் போடு. அந்தத் தாய் என்ன செய்யிறா எண்டு பாப்பம்.”

ஒவ்வொரு பகுதியையும் முதலே தனியாகப் பார்த்துவிட்டுத்தான் கொண்டுவருவேன். பத்தாவதை இன்னும் பார்த்திருக்கவில்லை.

பொத்தானை அழுத்தினேன்.