சாகாமல் போன ஜப்பான்காரர்

என் தாய்மாமன் சினிமாவில் சாகப் போனவர். சென்னையில் அடியாள் வேடம். கதாநாயகன் ஒரு குத்து விட்டால் பறந்து போய் விழ வேண்டும், அவ்வளவுதான் உத்தியோகம். வாய்ப்பு குறைந்துபோய் நாமக்கல் பக்கம் எங்கள் கோழிப்பண்ணைக்கு வந்து சேர்ந்தார். "தை பொறக்கறதுக்குள்ள சினிமாவுல இருந்து ஒரு போனு வல்லீன்னா, பண்ணையோடவே இருந்துக்கறனுங்க மச்சான்" என்று அப்பாவிடம் வாக்கும் கொடுத்திருந்தார்.

கூடவே வந்தது ஒரு பை நிறைய டிவிடி. எல்லாம் ஜப்பான் ரவுடிப் படங்கள். கீழே ஓடும் இங்கிலீஷ் எழுத்தை எங்கள் வீட்டில் யாராலும் எட்டிப் பிடிக்க முடியாது. மாமாவும் கதையைப் பார்க்க மாட்டார். தலைவனுக்குப் பின்னால் நிற்கும் ஒரு ஒட்டிய கன்னக்காரரைத்தான் பார்ப்பார். முதல் படத்தில் அவர் கார் கதவைத் திறந்துவிட்டுச் செத்தார். அடுத்ததில் ஒரு வசனம் பேசிவிட்டுச் செத்தார். போகப் போக நரை விழுந்து, தலைவனுக்குப் பக்கத்து நாற்காலி வரைக்கும் வந்தும் செத்தார். "ஆளு மேல வாராரு பாரு சாமி" என்பார் மாமா, சொந்தக்காரருக்குப் பதவி உயர்வு கிடைத்த மாதிரி.

பார்த்ததை மறுநாள் கோழிக் கொட்டகையில் நடித்துப் பார்ப்பார். ஒருநாள் அலறிக்கொண்டு விழுந்துவிட்டார். கோழிக்கு மிரட்சி ஆகாது. நாங்களே மெல்லக் குரல் கொடுத்துக்கொண்டுதான் உள்ளே போவோம். அன்று கூண்டெல்லாம் ஒரே அமளி. அப்புறம் கொஞ்ச நாளைக்கு முட்டை குறைந்தது, விழுந்த முட்டையும் ஓடில்லாமல் விழுந்தது.

"ஏனுங்க மாப்ள, நீங்க சாவறது செரி. எங்கோழியவும் கூட்டிட்டுப் போகோணுமா?" என்றார் அப்பா.

அதன்பின் மாமா சத்தமில்லாமல் சாகப் பழகினார். கண்ணில் மட்டும் ஒரு திகைப்பு. பிறகு முழங்கால் மடிய, தீவன மூட்டைமேல் மெல்லச் சாய்வார். கோழி தலையைக்கூட நிமிர்த்தாது. எனக்குத்தான் அழுகை வரும்.

மார்கழி முடியப் போகிறது, போன் வரவில்லை. ஒரு ஞாயிறு மத்தியானம் பையில் மிஞ்சிய கடைசிப் படத்தைப் போட்டோம். கன்னக்காரர் கிழவராகியிருந்தார். தலைவன் செத்தான், எதிரி செத்தான், கார் ஓட்டினவனும் செத்தான். இவர் மட்டும் ஒரு கடையில் உட்கார்ந்து நூடுல்ஸை ஊதி ஊதிச் சாப்பிட்டார். கிண்ணத்தைக் கீழே வைத்தார். படம் முடிந்துவிட்டது.

திரும்பினால் மாமா துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

"அவருதான் சாவலியே மாமா, அப்பறம் ஏன் அழுவறீங்க?"

"அதுக்குத்தான் சாமி."

மறுநாள் காலை அப்பா முன்னால் போய் நின்றார். "போனு வல்லீங்க மச்சான். இருந்தாலும் போயிட்டு வாரனுங்க."

அப்பா வாக்கைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. "சத்தமில்லாமச் சாவறீங்களே, அது நல்லா இருக்குதுங்க மாப்ள. அங்க போயி அதையே செய்யுங்க" என்று சொல்லி, முட்டை லாரியில் முன்சீட்டில் ஏற்றிவிட்டார். அப்பா அதை எப்போது நின்று பார்த்தார் என்று எனக்கு ஆச்சரியம்.

லாரி நகரும்போது, "நல்லாச் சாவுங்க மாமா" என்று கத்தினேன். அம்மா என் வாயைப் பொத்தினாள்.

இந்த வருஷம் வந்த படத்தில் மாமா இடைவேளை தாண்டியும் உயிரோடிருந்தார். தியேட்டர் இருட்டில் நான் துண்டு தேடினேன். ஆனால் அந்த ஞாயிற்றுக்கிழமை எனக்குத் தெரிந்ததெல்லாம், அவ்வளவு நல்ல படத்தை அந்த ஜப்பான்காரர் சாகாமல் இருந்து கெடுத்துவிட்டார் என்பதுதான்.